மரத்துக்கு மருந்து

1

இந்தக் கதை ஒரு தவறான சொல்லில் பிறந்தது. பதில் சொல்லச் சோம்பல்பட்டு, வாயில் வந்ததைச் சொன்னேன். அந்தச் சொல் ஓர் உயிரைக் காப்பாற்றிவிட்டது. பத்து நாளாகியும் பிரமிப்பு அடங்கவில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: "தேவதாரு மரம் தன் பூர்வீக மலைகளை எண்ணி ஏங்கியபடி..." (விட்டுவிட்டேன். அது எதையும் எண்ணவில்லை, வாசலில் சும்மா கிடந்தது.)

2

நான் அருள்பிரகாஷ், சிவகாசியில் ஒரு காலண்டர் அச்சகத்தில் பிழை திருத்துகிறவன். மனைவி ஹெப்சிபா தீக்காய வார்டில் நர்ஸ். டியூட்டி முடிந்து வந்தால் உடனே வீட்டுக்குள் வர மாட்டாள். வாசல் வேப்பமரத்தடியில் பத்து நிமிடம் பேசாமல் உட்கார்ந்திருந்துவிட்டுத்தான் வருவாள். அந்தப் பத்து நிமிடத்துக்காக ஒரு பெஞ்சு செய்யச் சொன்னேன். கேதுரு மரத்தில்.*

வெயிலிலும் மழையிலும் கிடக்கப்போகிற பெஞ்சு. வார்னிஷ் அடித்தால் நம்மூர் வெயிலுக்கு உரிந்துவிடும் என்றார் ஆசாரி. ஆளிவிதை எண்ணெயைத் துணியில் தொட்டுத் தேய்த்து, ஊறவிட்டு, மிச்சத்தைத் துடைத்தெடுக்கச் சொன்னார். துடைத்த துணியை என்ன செய்வது என்றும் சொல்லியிருப்பார். நான் அப்போது பெஞ்சைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

* வேதாகமத்தில் படித்த பெயர். மரக்கடைக்காரர் விழித்தார். "தேவதாருன்னு கேளுங்க சார், எடுத்துத் தாரேன்" என்றார்.

3

நைட் டியூட்டி முடிந்து வந்த ஹெப்சிபா உள்ளறையில் தூங்கிக்கொண்டிருந்தாள். நான் வாசலில் எண்ணெய் தேய்த்தேன். வெளிறிக் கிடந்த மரம் தேன் நிறமானது. ரேகைகள் ஒவ்வொன்றாக மேலே எழும்பி வந்தன. அத்தனையும் உள்ளேயே இருந்திருக்கிறது! "கர்த்தாவே" என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன்.

பக்கத்து வீட்டு அழகுமீனா கம்பெனி வேனுக்காக நின்றிருந்தாள். பட்டாசுக் கம்பெனி.

"என்னண்ணே தடவுறீக?"

"மரத்துக்கு மருந்து."

சட்டென்று இரண்டடி பின்னால் போனாள். எங்கள் பக்கம் காய்ச்சலுக்குத் தின்பது மாத்திரை. மருந்து என்றால் வெடிமருந்துதான்.

"சூதானமாப் பாருங்கண்ணே" என்றாள். வேன் வந்துவிட்டது.

வேலை முடிந்ததும் எண்ணெய்த் துணிகளைச் சுருட்டி ஒரு வாளியில் திணித்து, பின்னறையில் பழைய புரூஃப் கட்டுகளுக்குப் பக்கத்தில் வைத்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் ஹெப்சிபாவின் தலைமாடு.

4

(இங்கே அழகுமீனாவின் கையில் ஒரு தீத்தழும்பு வைத்திருந்தேன். அடித்துவிட்டேன். அவளுக்குத் தழும்பே கிடையாது. உங்கள் இரக்கத்துக்காக நான் வைத்தது.)

மூன்று மணிக்கு வேன் அவளை இறக்கிவிட்டது. வீட்டுக்குப் போகாமல் நேராக என்னிடம் வந்தாள்.

"மிச்ச மருந்தை எங்கன வச்சிருக்கீக?"

"மிச்சமில்ல. துணிதான் பின்னறை வாளில கிடக்கு."

"குவிச்சா வச்சிருக்கீக?"

பதிலுக்கு நிற்கவில்லை. ஆறு வருடப் பழக்கத்தில் முதல் தடவையாக எங்கள் வீட்டுக்குள் நுழைந்தாள். ஓடவில்லை. பதறாமல் நடந்தாள். துணிக்குவியலின் நடுவிலிருந்து புகை வந்துகொண்டிருந்தது. தீக்குச்சி இல்லை, வயர் இல்லை, பக்கத்தில் ஆளே இல்லை. வாளியை வெளியே கொண்டுவந்து, வெறுந்தரையில் கம்பால் ஒவ்வொரு துணியாகத் தள்ளித் தள்ளி விரித்தாள். நடுத்துணி கருகி ஓட்டையாகியிருந்தது. அதன்மேல் மண்ணை அள்ளிப் போட்டாள்.

"மருந்தக் குவிச்சு வச்சா தானாக் கொதிக்கும்ணே. இதுகூடத் தெரியாதா?"

"அது மருந்தில்லம்மா, வெறும் எண்ணெய்."

"அப்பறம் ஏன் மருந்துன்னீக?"

பிறகு விசாரித்தேன். அந்த எண்ணெய் காயும்போது காற்றோடு சேர்ந்து சூடாகுமாம். பெஞ்சில் பரவிய சூடு காற்றில் போய்விடுகிறது. துணிக்குள் அடைபட்ட சூட்டுக்குப் போக இடமில்லை. மரத்தைக் காக்கிற எண்ணெய்தான் வீட்டையும் எரிக்கப் பார்த்தது. இருபது வருடமாகச் சொற்களைத் திருத்திச் சோறு தின்கிறேன். அன்று காலை சரியான சொல்லைச் சொல்லியிருந்தால் அழகுமீனா நேராக வீட்டுக்குப் போய் உலை வைத்திருப்பாள்.

5

ஹெப்சிபா கடைசிவரை எழுந்திருக்கவில்லை. அவளுக்கு எதுவும் தெரியாது.

வார்டுக்கு வருகிறவர்கள் "தானாப் பிடிச்சிருச்சு சிஸ்டர்" என்பார்களாம். அந்த ஒரு சொல்லுக்குத்தான் அவளுக்குக் கோபம் வரும். "தானா ஒண்ணும் பிடிக்காதுங்க. யாரோ ஒருத்தர் அசால்ட்டா வச்சிருக்காக."

இப்போது என்னிடம் இரண்டு வாக்கியங்கள் இருக்கின்றன.

அ) துணி தானாகப் புகைந்தது.

ஆ) நான் துணியைக் குவித்து வைத்தேன்.

இரண்டும் உண்மை. ஒற்றுப்பிழைகூடக் கிடையாது. 'அ' போதும் என்றால் மூன்றாம், நான்காம் பகுதிகளை மாற்றி எழுத வேண்டும். 'ஆ' என்றால் அப்படியே கொடுத்துவிடலாம்.

நான் எதை எழுதினாலும் முதலில் படிப்பது அவள்தான். முதல் இரண்டு பகுதிகளை மட்டும் பெஞ்சில் வைத்து, மேலே ஒரு கல்லையும் வைத்திருந்தேன். டியூட்டி முடிந்து வந்து உட்கார்ந்தாள். ஒரு கை மரத்தைத் தடவிக்கொண்டிருக்க, மறுகையில் பிடித்துப் படித்தாள். சிரித்தாள். மறுபடி முதல் தாளுக்குப் போனாள்.

"ஓர் உயிர்னு எழுதியிருக்கீகளே, யாரு உயிருங்க அது?"

மீதித் தாளுக்காகக் கை நீட்டிக்கொண்டிருக்கிறாள். தாள் என்னிடம்தான் இருக்கிறது. நீங்கள் சொல்லுங்கள், கொடுக்கட்டுமா?