எட்டாவது பாகம்

தலையணைக்கு அடைக்க வைத்திருந்த பனியன் கட்டிங் வேஸ்ட் துணி மூட்டைக்குள் கையை விட்டுத் துழாவினாள் நாகஜோதி. பாயில் அண்ணன் பாண்டித்துரை கிடந்தான். உயிர் போய் ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. கால் பெருவிரல்களைச் சேர்த்துக் கட்ட ஒரு துணி கேட்டிருந்தார் வீட்டுக்காரம்மா செல்லாத்தாள்.

பனியன் துணியில் நீளவாட்டில் வெட்டிய துண்டு அவ்வளவாக இழுபடாது. குறுக்குவாட்டுத் துண்டு இழுக்க இழுக்க நீளும். ஆறு வருடமாக பனியன் கம்பெனியில் ஓவர்லாக் தையல் மிஷினில் உட்காருகிறவளுக்கு இது கண்ணை மூடிக்கொண்டே தெரியும். தெரிந்துதான் குறுக்குவாட்டுத் துண்டை உருவினாள்.

அதற்குக் காரணம் ஒரு கொலைகாரன். உசிலம்பட்டிப் பக்கமிருந்து திருப்பூருக்குப் பிழைக்க வந்த அண்ணனுக்கும் தங்கைக்கும் ஞாயிற்றுக்கிழமை என்றால் வாடகை சிடியில் தமிழ் பேசும் இங்கிலீஷ் படம்தான். அதிலும் காட்டு பங்களாவில் கோடாரியோடு அலைகிறவன் படம் ஏழு பாகம் வந்திருந்தது. ஒவ்வொன்றிலும் அவனைச் சுடுவார்கள், எரிப்பார்கள், ஏரியில் தள்ளுவார்கள். அப்பாடா என்று மூச்சு விடும்போது அவன் கால் பெருவிரல் மட்டும் லேசாக ஆடும். அடுத்த பாகம் தயார்.

எட்டாவது வரவில்லை. வராவிட்டால் போகிறது என்று பாண்டித்துரையே எடுக்கத் தொடங்கினான், வாயால்தான். கம்பெனியில் அயர்ன் டேபிள் முன்னால் நின்று யோசித்ததைச் சாப்பிடும்போது சொல்வான். மஞ்சள் காமாலையில் படுத்த பிறகும் கதை நிற்கவில்லை.

"அவிய்ங்களுக்குப் பொணத்தக் கட்டத் தெரியல சோதி. பெருவெரலச் சேத்துக் கட்டியிருந்தா எவன் எந்திரிப்பான்? நம்மூரு ஆளு ஒருத்தரு போதும், படம் முடிஞ்சிரும்."

"கட்டுறது அவன் தங்கச்சியா இருந்தா?"

அவனுடைய மஞ்சள் பூத்த கண்ணிலும் சிரிப்பு வந்தது.

"அப்ப அவ இறுக்க மாட்டா. ஒம்பதாவதும் எடுக்கலாம்."

போன வாரம் பேசியது அது.

நாகஜோதி குறுக்குவாட்டுத் துண்டைச் சுற்றி ஒற்றை முடிச்சுப் போட்டாள். கிறுக்குத்தனம் என்று அவளுக்கே தெரிந்தது. ஆனால் அவனை விட்டால் இந்த ஊரில் அவளுக்கென்று யாரும் இல்லை. அம்மா ஒச்சாயி பஸ் ஏறிவிட்டதாகப் போன் வந்ததை யாரோ சொன்னார்கள். அக்கம்பக்கத்தார் தலைமாட்டில் கூடி அழுதார்கள். அவள் காலடியிலேயே உட்கார்ந்து விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரத்தில் பாதங்கள் மெல்ல விலகி பக்கத்துக்கொன்றாகச் சாய்ந்தன. அவள் குனிந்து பார்த்தாள். விரல் ஆடவில்லை, துணிதான் நீண்டிருந்தது.

செல்லாத்தாளும் பார்த்துவிட்டார். "கட்டு நெகுந்து போச்சு பாரு கண்ணு. உங்கம்மா வந்து இப்படிப் பாத்தா தாங்குவாங்களா? நல்லா இறுக்கிக் கட்டீரு."

"இறுக்கிட்டா அம்புட்டுத்தானக்கா?"

செல்லாத்தாள், அவள் கட்டுவதற்கு வாகாக இரண்டு பாதங்களையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டார்.

நாகஜோதி மூட்டையிலிருந்து நீளவாட்டுத் துண்டு ஒன்றை எடுத்து இழுத்துப் பார்த்தாள். நீளவில்லை. இரண்டு சுற்றுச் சுற்றி இரண்டு முடிச்சுப் போட்டாள். பிறகு, தைத்து முடித்த பீஸுக்குச் செய்வதுபோல, முடிச்சில் நீட்டிக்கொண்டிருந்த பிசிறைக் கத்தரித்துவிட்டாள்.