பக்கவாசல் சுவர்

சவப்பெட்டி வாசற்படியைத் தாண்டுவதற்குள் பெலிங் அத்தை துடைப்பத்தை எடுத்துவிட்டாள். லெட்டி ஓடிப்போய்ப் பிடுங்கிக்கொண்டாள்.

"இன்னும் தெருவுக்கே போகல அத்தை. அதுக்குள்ள அம்மாவைக் கூட்டித் தள்ளுறியா?"

"ஒன்பது நாளா துக்கம் காக்குறோம்னு வந்து சீட்டாடி, தரையெல்லாம் கடலைத் தொலியாப் போட்டு வச்சிருக்கானுங்க. விட்டா உங்கம்மாவே எழுந்து வந்து கூட்டிடுவா."

தூக்கியவர்கள்கூடச் சிரித்துவிட்டார்கள். அப்பா டியோஸ்கோரோ மட்டும் சிரிக்கவில்லை. அன்னாசி நார்ச் சட்டையின் கழுத்துப் பொத்தானைப் போடுவதும் கழற்றுவதுமாக இருந்தார். அதை எப்போதும் போட்டுவிடுகிறவள் பெட்டிக்குள் இருந்தாள்.

ஊரின் கிறிஸ்தவக் கோயில் கடற்கரையை ஒட்டி இருந்தது. கடலிலிருந்து வெட்டியெடுத்த பவளக்கல்லை முட்டை வெள்ளைக்கரு கலந்த சுண்ணாம்பில் அடுக்கிக் கட்டியது. கோயில் வெள்ளைக்கருவைத் தின்றது, மஞ்சள்கருவை ஊர் பணியாரமாகத் தின்றது என்று போஹோல் தீவு முழுக்கச் சொல்வார்கள். இருநூறு வருஷம் அந்தச் சுவர்கள் உப்புக்காற்றின் ஈரத்தைக் குடித்து, வெயிலில் வெளியே விட்டு, நன்றாகத்தான் இருந்தன.

லெட்டி கைக்குழந்தையாக இருந்தபோது அப்பாதான் கோயில் கமிட்டித் தலைவர். கல் பழசாகத் தெரிகிறது என்று, வீட்டுக்கு ஒரு மூட்டையாகச் சிமெண்ட் திரட்டிச் சுவர் முழுக்கப் பூச வைத்தார். ஊரே பெருமைப்பட்டது. கடைசி நாள், பக்கவாசல் அருகே ஈரச் சிமெண்டில் அவரும் அம்மா பிளாவியாவும் பக்கத்தில் பக்கத்தில் கை பதித்தார்கள். கைக்குழந்தையை வைத்துக்கொண்டு இதெல்லாம் தேவையா என்று பெலிங் அத்தை அன்று தொடங்கிய கேலியை இன்னும் விடவில்லை.

உள்ளே போன ஈரம் சிமெண்டைத் தாண்டி வெளியே வர வழியில்லாமல் தங்கிவிட்டது. கல் மாவாக உதிரத் தொடங்கியது. பழுது பார்க்க மணிலாவிலிருந்து ஆட்கள் வந்தார்கள். லெட்டி அவர்களோடு சேர்ந்து சுண்ணாம்பு நீற்றக் கற்றுக்கொண்டாள். மூன்று வருஷத்தில் சிமெண்டையெல்லாம் கொத்தியெடுத்துச் சுண்ணாம்பு பூசியாயிற்று. பக்கவாசல் ஓரம் மட்டும் பாக்கி. அங்கே உளி போனபோதெல்லாம் அப்பா குறுக்கே வந்து நின்றார்.

பாடகர் மாடத்தின் உத்திரம் அந்த மூலையில்தான் உட்கார்ந்திருந்தது. மழைக்கு முன்னால் சிமெண்டை எடுக்காவிட்டால் மாடம் இறங்கிவிடும் என்று மேஸ்திரி சொல்லிவிட்டார். அதை அப்பாவிடம் எப்படிச் சொல்வது என்று லெட்டிக்குத் தெரியவில்லை. அம்மா இருந்தபோதே விடாதவர், இனியா விடுவார்?

நுரையீரலில் நீர் கோத்துப் படுத்திருந்த கடைசி நாட்களில் அம்மா தினமும் ஒன்றைத்தான் கேட்டாள்.

"சுவரு காஞ்சுதா?"

லெட்டி தலையணையைச் சரிசெய்வாள். ஜன்னலோரம் அப்பா வேறெங்கோ பார்த்துக்கொண்டிருப்பார்.

பூசை நடந்தபோது அப்பா முன்வரிசைக்கு வரவில்லை. அந்தச் சிமெண்டில் முதுகைச் சாய்த்து நின்றார். கல்லறைக்குத் தூக்க அவர் முன்னால் வந்தபோது சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

"என்னடா இப்படி வேர்த்திருக்கு?" என்றாள் அத்தை மெதுவாக.

அவர் கையைப் பின்னால் விட்டுத் தொட்டுப் பார்த்தார். வேர்வையில்லை, சிமெண்ட் வெடிப்பில் கசிந்த சுவரின் ஈரம்; விரலில் வெள்ளையாகக் கல்மாவு ஒட்டியிருந்தது. கல்லறைவரை அந்த விரல்களைத் துடைக்கவே இல்லை.

அடக்கம் முடிந்தது. நேராக வீட்டுக்குப் போனால் இறந்தவர் பின்னாலேயே வந்துவிடுவார் என்பதால் வழியில் எங்காவது தங்கிப் போக வேண்டும். எல்லோரும் முனையிலிருந்த சாப்பாட்டுக் கடைக்குக் கிளம்பினார்கள். அப்பா எதிர்ப்பக்கம், கோயிலை நோக்கி நடந்தார். லெட்டியும் அத்தையும் பின்னால் போனார்கள்.

பக்கவாசலில் நின்று அவர் கையை நீட்டினார்.

"உன் உளி எங்க வச்சிருக்க?"

"அப்பா, இன்னைக்கே வேணாம்ப்பா."

"எத்தனை தடவை கேட்டா அவ. நான் காதுல விழாத மாதிரியே உட்கார்ந்திருந்தேன்."

லெட்டி சாரத்துக்கு அடியிலிருந்து உளியும் சுத்தியலும் எடுத்துக் கொடுத்தாள். அவள் உளியைப் பிடித்துக்கொள்ள, அவர் அடித்தார். முதல் அடியிலேயே சிமெண்டில் பதிந்திருந்த இரண்டு கைகளுக்கும் நடுவே விரிசல் ஓடியது. பிறகு பாளம் பாளமாக விழுந்தது. பின்னால், எத்தனையோ வருஷத்து ஈரத்தில் ஊறி, பூப்பூவாக வரியோடிய பவளக்கல் தெரிந்தது. மேலாக உதிர்ந்திருந்தாலும் லெட்டி உளிமுனையால் தட்டிப் பார்த்தபோது உள்ளே கெட்டியாகத்தான் இருந்தது.

பெலிங் அத்தை வாசலில் கிடந்த ஒரு துடைப்பத்தை எடுத்தாள்.

"இப்பவாவது கூட்டலாமா?"

"கூட்டு அத்தை."

லெட்டி தொட்டியிலிருந்து வாளியில் சுண்ணாம்புத் தண்ணீர் மொண்டு வந்து கல்லில் தெளித்தாள். அப்பா கையை வாளியில் முக்கி, கல்லின் மேல் அழுந்த வைத்தார். எடுத்தபோது ஐந்து விரலும் ஈரமாகத் தெரிந்தன.

வாசல் வழியே கடல்காற்று வந்தது. அத்தை மூலைவரை கூட்டி முடித்தாள். விரல் நுனிகளிலிருந்து தொடங்கி, கல்லில் அந்தக் கைத்தடம் காய்ந்து மெல்ல வெளுத்துக்கொண்டே வந்தது.