வாதிக்கு இடப்பக்கம்

அப்பாவின் லேத் பட்டறை தனக்கும் சேர வேண்டும் என்று அண்ணன் என்மேல் வழக்குப் போட்டிருந்தார். உயிலில் என் பெயர் மட்டும்தான் இருந்தது. அந்த இயந்திரங்களோடு மல்லுக்கட்டிக் காதைத் தொலைத்தவர் அண்ணன். இரண்டும் உண்மை என்பதால் வழக்கு வருடக்கணக்கில் இழுத்தது.

நீதிமன்றத்தில் அவருக்கு இடப்பக்கம்தான் உட்காருவேன். அவர் வக்கீல் நேரத்துக்கு வந்ததே கிடையாது. வாதியின் பெயரை டவாலி மூன்று முறை கூப்பிடுவார். பதில் இல்லையென்றால் வழக்கு தள்ளுபடி. அண்ணனுக்கு எங்கே கேட்கும்? நான்தான் முழங்கையால் இடிப்பேன்.

"எதிராளி இடிச்சு எழுந்திருக்கணும்னு என் தலையெழுத்து" என்று முணுமுணுத்துக்கொண்டே எழுவார்.

"காதுக்கு மெஷின் வாங்கி மாட்டுங்கண்ணா" என்று ஒருநாள் காதருகே கத்தினேன்.

"எதுக்கு? உன் வக்கீல் விடற புளுகைக் கேக்கவா?"

அந்த பெஞ்சைத் தவிர வேறெங்கும் நாங்கள் பேசிக்கொண்டதில்லை.

மாரடைப்பு அவரைத் தூக்கத்திலேயே கொண்டுபோய்விட்டது. அடக்கம் முடியும்வரை அண்ணி என் முகத்தைப் பார்க்கவில்லை. மறுவாரமே வாய்தா வந்தது. அண்ணி வரவில்லை. அவர்கள் வக்கீலையும் காணோம்.

"வாயே திறக்காதீங்கம்மா" என்றார் என் வக்கீல், குனிந்து. "ஆள் வரலைன்னு தள்ளுபடி பண்ணிடுவாங்க. பட்டறை உங்களுக்குத்தான்."

"அவர் செத்துட்டாருன்னு சொன்னா?"

"சொன்னா கேஸ் உயிரோட இருக்கும். பொண்டாட்டி, பிள்ளைங்க வந்து தொடர்ந்து நடத்துவாங்க. உங்களுக்கு ஏன் இந்த வேண்டாத வேலை?"

டவாலி கூப்பிட்டார். என் முழங்கை தானாக வலப்பக்கம் நகர்ந்தது. அங்கே யாரோ ஒருவர் வைத்த பை இருந்தது. இரண்டாம் முறை கூப்பிட்டார். வக்கீல் என் புடவைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டார். மூன்றாம் முறையும் கூப்பிட்டுவிட்டார். நீதிபதி பேனாவை எடுத்தார்.

"அவருக்குக் காது கேக்காதுங்கய்யா" என்று எழுந்துவிட்டேன். எல்லோரும் சுற்றுமுற்றும் அண்ணனைத் தேடினார்கள். அதன்பிறகுதான் எனக்கு மற்றது வாயில் வந்தது. "இறந்துட்டாருங்க. போன வாரம்."

"நீங்க யாரு அவருக்கு?"

"தங்கச்சிங்க. பிரதிவாதியும் நான்தான்."

நீதிபதி பேனாவை மூடினார். வாரிசுகளைச் சேர்க்க அவகாசம் கொடுத்து வழக்கைத் தள்ளிவைத்தார். வெளியே வந்ததும், "உங்க கேஸுக்கு நீங்களே கொள்ளி வெச்சுட்டீங்க" என்று வக்கீல் கேஸ் கட்டை என் கையில் திணித்துவிட்டுப் போனார்.

அடுத்த முறை அண்ணி வந்திருந்தார். அண்ணன் உட்காரும் இடத்திலேயே உட்கார்ந்தார். நான் வழக்கம்போல் இடப்பக்கம் போய் உட்கார்ந்து, டவாலியின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அண்ணிக்குக் காது நன்றாகக் கேட்கும். முதல் அழைப்பிலேயே எழுந்து போனார்.