பதினேழரை விரல்

சினோப் நகரத்துப் பெண்கள் எல்லோரும் ஒட்ட வெட்டிய தலையோடு திரிந்த வருஷம் அது. எதிரி ராஜாவின் படை ஊரின் தரைப்பக்கத்தை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. கல்லெறி பொறிக்குக் கயிறு வேண்டும், மாட்டு நரம்பு தீர்ந்துவிட்டது, பெண்கள் முடியைக் கொடுங்கள் என்று சபையில் முடிவு செய்தார்கள். என் முடி இடுப்புக்குக் கீழே தொங்கும், நல்ல செம்பட்டை. அறுத்துக் கொடுத்தேன். கொடுத்ததோடு நிற்காமல் அதைக் கயிறாகத் திரிக்கிற வேலைக்கும் பட்டறைக்கே போனேன். என் புருஷன் லாம்பிஸ்தான் அங்கே தச்சன்.

அந்தப் பொறியின் உயிரெல்லாம் அதன் மரச்சட்டத்தில் இருக்கும் இரண்டு துளைகளில்தான். துளை வழியாக முடிக்கயிற்றைத் திணித்து, கை மரத்தைச் செருகி முறுக்க வேண்டும். அந்த முறுக்கில்தான் கல் பறக்கும். கல்லின் கனத்துக்குத் தக்கபடி துளையின் அகலம் இருக்க வேண்டும். எங்கள் பொறி பத்து மினா எடையுள்ள கல் எறிவது. துளை பதினொரு விரல் அகலம்.

எதிரிகள் மதிலை இடிக்க ஒரு கொட்டகையைத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். கூரையில் பதப்படுத்தாத பச்சை மாட்டுத்தோல். எங்கள் கல் அதன்மேல் விழுந்து உருண்டு போனதே தவிர ஒரு கீறலும் இல்லை. இரண்டு மடங்கு கனமுள்ள கல் எறிந்தால் உடையும் என்றார் ஒனாசன். ரோட்ஸ் தீவிலிருந்து எங்களுக்கு உதவியாக வந்திருந்த பொறியாளர் அவர். பழைய மரச்சட்டமே தாங்கும், துளையைப் பெரிதாக்கினால் போதும் என்றும் சொன்னார். சின்னச் சின்னப் பலகைகள் ஒன்றன்மேல் ஒன்று நகரும் ஒரு பெட்டி, அளவு காண்பதற்கென்றே வைத்திருந்தார். அதை இரண்டு நாள் நகர்த்தி நகர்த்திப் பார்த்துவிட்டு, ஒரு கைப்பலகையில் நான்கு கோடுகள் கீறினார், அசல் அளவில் கால் பங்காக. முதல் கோடு பழைய துளை. கடைசிக் கோடு அதைப்போல் இரண்டு மடங்கு. நடுவில் இரண்டு கோடுகள்.

"நடுவுல இருக்கிற ரெண்டுல ஒண்ணுதான் நம்ம துளை," என்றார் லாம்பிஸிடம். "எதுன்னு வந்து சொல்றேன். அதுக்கு முன்னாடி அந்தக் கூரையை ஒருதரம் பார்த்துட்டு வந்துடறேன்."

மதிலுக்குப் போனார். தொண்டையில் அம்பு. அந்த மனுஷர் சரியான கோட்டில் ஒரு புள்ளி வைத்துவிட்டுப் போயிருக்கக்கூடாதா? இன்றைக்கும் எனக்கு அவர்மேல் ஆத்திரம் தீரவில்லை.

எங்கள் ஊரில் கூரை ஒழுகினாலும் சபையைக் கூட்டிக் கை தூக்கித்தான் ஓடு மாற்றுவார்கள். பலகையையும் அங்கேதான் கொண்டுபோனார்கள். முதலில் எழுந்தவன் பாசிக்லிஸ், எங்கள் பொறிக்குப் பொறுப்பாளன். அவன் வாய் இரண்டு ஆளுக்குச் சமம்.

"கல்லு ரெண்டு மடங்கு. ஆனா அந்தச் சின்னக் கோட்டுல துளை மூணு விரல்தான் கூடுது. எந்த ஊர் நியாயம் இது? ஏம்ப்பா லாம்பிஸ், நீதானே தச்சன், நீ சொல்லு."

இருபது வருஷமாகச் சபையின் கடைசி வரிசையில் உட்கார்ந்து வந்தவர் என் புருஷன். ஒருவரும் அவரை ஒரு வார்த்தை கேட்டதில்லை. அன்றைக்குக் கேட்டார்கள். "பெரிசுதான்," என்று சொல்லிவிட்டார். "பயந்து பயந்து துளைச்சா, கல்லும் பயந்துதான் போகும்." எல்லோரும் சிரித்தார்கள். கைகள் எழுந்தன. நடுவிலிருந்த இரண்டில் பெரிய கோடு, பதினேழரை விரல். முற்றுகை முடியும்வரை, ஒருமுறை கை தூக்கியதை மறுபடி கிளறுகிறவனை ஊரைவிட்டுத் துரத்துவது என்று அதற்கு முன்பே சட்டம் போட்டிருந்தார்கள்.

அவர் வீட்டுக்கு வந்த அழகைப் பார்க்க வேண்டுமே. தரையில் கால் பாவவில்லை.

"எதை வெச்சுங்க பெரிசுன்னீங்க?" என்று கேட்டேன்.

"கண்ணால பார்த்தாலே தெரியுதேடி."

"தேன் ஊத்தி அடை சுடுற அச்சு ரெண்டு வெச்சிருக்கேனே, ஞாபகம் இருக்கா? பெரிய அச்சு ஒரு விரல்தான் கூட. மாவு ரெண்டு பங்கு விழுங்கும். எனக்கு என்னமோ சரியாப் படலை."

"அடை சுடுறதும் இதும் ஒண்ணா? போடி, சாப்பாட்டை எடுத்து வை."

நான்கு நாள் துளைத்தார். துளை அகல அகல அவர் முகம் சுருங்கிக்கொண்டே வந்தது. கடைசியில் துளைக்கும் சட்டத்தின் விளிம்புக்கும் நடுவே இரண்டு விரல் மரம்தான் மிச்சம். அதைத் தடவித் தடவிப் பார்ப்பார். நான் பார்க்கிறேன் என்று தெரிந்தால் கையை எடுத்துவிடுவார்.

எறிய வேண்டிய நாள் காலையில் எனக்கு மனசு கேட்கவில்லை. ஒனாசன் பலகையை எடுத்து வந்தேன். அன்றைய பங்கு பார்லி மாவு முழுவதையும் கெட்டியாகப் பிசைந்தேன். முதல் கோட்டின் அளவுக்கு நீளம், அகலம், உயரம் மூன்றும் ஒன்றாக இருக்கும்படி நான்கு கட்டிகள். இரண்டாவது கோட்டுக்கு ஒன்று, மூன்றாவது கோட்டுக்கு ஒன்று. பக்கத்து வீட்டில் மீன் நிறுக்கும் தராசை வாங்கி வந்தேன்.

"என்ன கூத்துடி இது? சாப்பிடற மாவு," என்றார்.

"சத்தம் போடாமப் பாருங்க."

இரண்டு சின்னக் கட்டிகளை ஒரு தட்டிலும், இரண்டாவது கோட்டுக் கட்டியை மறுதட்டிலும் வைத்தேன். தராசு அசையாமல் நின்றது. பிறகு மூன்றாவது கோட்டுக் கட்டியை வைத்தேன். எதிர்த்தட்டில் நான்கு சின்னக் கட்டிகளையும் வைத்த பிறகுதான் முள் நேரானது.

"கட்டி கனக்கிற கணக்குலதாங்க கல்லும் ஏறும். ரெண்டு மடங்குக்கு ரெண்டாவது கோடு. நீங்க துளைச்சிருக்கிறது நாலு மடங்கு கல்லுக்கான துளைங்க. அவ்வளவு முறுக்கை அந்தச் சட்டம் தாங்குமா?"

தச்சனுக்கு இதற்குமேல் சொல்ல வேண்டியதில்லை.

"தாங்காது," என்றார்.

"அப்ப போய்ச் சொல்லுங்க."

"நான்தானேடி எழுந்து நின்னு பெரிசுன்னேன்."

"அதனால என்ன? தப்புன்னு சொல்லுங்க. ஊரைவிட்டுத் துரத்தினா துரத்தட்டும், கப்பல் ஏறிப் போவோம். உசிரோட போவோம்."

அவர் போய்ச் சொல்லத்தான் செய்தார். அதை நான் மறைக்க மாட்டேன். மதில்மேல் பாசிக்லிஸிடம் தராசு விஷயத்தைச் சொன்னபோது நானும் கல் சுமக்கும் பெண்களோடு பக்கத்தில்தான் நின்றேன்.

"உன் பொண்டாட்டி மாவு பிசைஞ்சு கணக்குப் போட்டாளா?" என்று பாசிக்லிஸ் சிரித்தான். "பயமாயிருந்தா சொல்லு லாம்பிஸ், வீட்டுக்குப் போய் அடை சுடு. ஊர்ச்சட்டத்தை மட்டும் நினைவுல வெச்சுக்கோ."

பொறியடியில் நின்ற ஆட்களும் சிரித்தார்கள். நான்கு நாளைக்கு முன் அவரோடு சேர்ந்து சிரித்த அதே ஆட்கள். என் புருஷன், கை மரத்தைப் பின்னுக்கு இழுத்து முறுக்கும் உருளையின் கடப்பாரையைக் கையில் எடுத்தார்.

"எல்லாரும் கீழ இறங்கி நில்லுங்க," என்றார். "நானே முறுக்கிக்கிறேன்."

"ஆறு பேர் வேலையாச்சே," என்றான் ஒருவன்.

"மெதுவா முறுக்குவேன். இறங்குங்கப்பா."

நான் ஓடிப்போய் அவர் கையைப் பிடித்தேன். "வேணாங்க. சிரிச்சா சிரிச்சுட்டுப் போறாங்க." அவர் என் விரல்களை ஒவ்வொன்றாக விலக்கினார். "நான் சொன்னதுக்கு இன்னொருத்தன் சாகக்கூடாது மிக்கா. இறங்கு," என்றார். இரண்டு பேர் என்னை இழுத்துப் படியில் உட்கார வைத்தார்கள். பாவி, நான் கடித்துக் குதறியாவது அங்கேயே நின்றிருக்க வேண்டும்.

உருளையின் ஒவ்வொரு பல்லிலும் கொக்கி விழுகிற சத்தம் கேட்டது. பாதி முறுக்குக்கூட ஏறியிருக்காது. மரம் கிழிந்தது. அந்த இரண்டு விரல் மரம் பிளந்து, கை மரம் பிடுங்கிக்கொண்டு வந்து அவர் மார்பில் அடித்தது. நான் ஏறிப் போனபோது கயிறு அவர்மேல் சுருண்டு கிடந்தது. மூச்சு இல்லை.

அன்றைக்கே சபை கூடியது. மறுபடி கிளறக்கூடாதென்ற சட்டத்தைத் தள்ளிவைத்துவிட்டு, சின்னக் கோடுதான் சரி என்று முன்மொழிந்தவன் பாசிக்லிஸ். ஒரு கைகூடக் கீழே இல்லையாம். லாம்பிஸுக்கு ஊர்ச்செலவில் நினைவுக்கல் நடுவதென்றும் கை தூக்கினார்கள்.

புருஷன் செத்தால் முடியை அறுத்துச் சமாதியில் வைப்பது எங்கள் வழக்கம். வைக்க என் தலையில் என்ன இருந்தது? அவரை வெறுங்கையோடுதான் புதைத்தேன். மூன்றாம் நாள் பட்டறைக்குப் போனேன். திரிக்கத் தெரிந்த கை குறைவு, ஊரும் விழக்கூடாது. பழைய கயிற்றைப் பிரித்து இரத்தம் போக அலசினேன். புதுச் சட்டத்தில் பதினாலு விரல் துளைக்குத் திரித்துக் கொடுத்தேன். துளை சின்னதானதால் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் மிச்சம். அதில் என் செம்பட்டை முடியைத் தனியாகப் பொறுக்கி எடுத்து முந்தானையில் முடிந்தேன்.

பாசிக்லிஸ் வாசலில் மறித்தான். "அது ஊர்ச்சொத்தும்மா. இன்னொரு பொறிக்கு ஆகும்."

"சபையைக் கூட்டுங்க," என்றேன். "எத்தனை பேர் கை தூக்குறாங்கன்னு பார்த்துட்டு வந்து வாங்கிக்கோங்க."

அவன் ஒதுங்கி வழிவிட்டான். நான் போய் அவர் மண்மேல் முடியை வைத்து, காற்றில் பறக்காமல் இருக்க ஒரு கல்லைத் தூக்கி வைத்தேன்.