பின்னிறகின் கறுப்புப் பட்டை

எண்ணப் போவதற்குச் சட்டங்கள் உண்டு. வெயில் இருக்க வேண்டும். காற்று பலமாக வீசக் கூடாது. காலை பதினொன்றுக்குச் சற்று முன்தான் கிளம்பலாம். நடக்கிறவருக்கு இரண்டு பக்கமும் இரண்டரை மீட்டர், முன்னால் ஐந்து மீட்டர். கண்ணுக்குத் தெரியாத அந்தப் பெட்டிக்குள் வரும் வண்ணத்துப்பூச்சியை மட்டும்தான் எண்ணலாம். பெட்டிக்கு வெளியே எத்தனை பறந்தாலும் கணக்கில் வராது.

லோர்னா கெட்ஜ் பத்தொன்பது கோடைகளாக, செவ்வாய்க்கிழமைதோறும் ஹாக்மியர் சதுப்பில் இப்படி நடக்கிறாள். தபால் வேன் ஓட்டி ஓய்வு பெற்றவள். வயது அறுபத்து நான்கு. கணவர் ஒருவர் இருந்தார், பிறகு இல்லை. மகன் நியூசிலாந்தில். வாரத்தில் மற்ற ஆறு நாளும் எப்படிப் போகின்றன என்று யாரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால், செவ்வாய்க்கிழமைக்காகக் காத்திருப்பதில் போகின்றன என்று சொல்லியிருப்பாள்.

அவள் எண்ணப் போவது வாலழகியை. உள்ளங்கை அகலம், வெளிர் மஞ்சள் இறகு, அதில் கறுப்பு நரம்புகள். பின்னிறகில் தகைவிலான் குருவிக்கு இருப்பதுபோல் இரண்டு வால், வாலடியில் சிவப்புப் பொட்டு. இங்கிலாந்தின் நார்ஃபோக் ஏரிகளின் சதுப்பை விட்டு அது வெளியே போவதில்லை. அதன் புழு பால்செடியைத் தின்றுதான் வளரும். ஒடித்தால் வெள்ளைப் பால் கசியும் அந்தச் செடி, கோரைக்கு நடுவில் இடுப்பளவு எழும்பி வெள்ளைக் குடையாகப் பூக்கும்.

மூன்று வருஷத்துக்கு முந்தைய நவம்பரில் கடல் பொங்கி ஆற்றுவழியே மேலே ஏறியது. ஒரு வாரம் ஹாக்மியரில் உப்புத்தண்ணீர் நின்றது. நாணல் தண்டுகளில் குளிர்காலத்தைக் கழிக்கும் கூட்டுப்புழுக்கள் அதில் முழுகின. பால்செடி பாதிக்குமேல் கருகி, பிறகு மெல்லத் தலையெடுத்தது. பூச்சி மட்டும் வரவில்லை. அடுத்த கோடை பூஜ்யம். அதற்கடுத்ததும் பூஜ்யம். மூன்றாவதும் அப்படியே முடிந்தால் வாலழகிச் சதுப்புகளின் பட்டியலிலிருந்து ஹாக்மியர் போய்விடும் என்று சதுப்பைப் பராமரிக்கும் அறக்கட்டளை சொல்லியிருந்தது. பட்டியலில் இல்லாத சதுப்புக்கு செப்டம்பர் மாத நாணல் வெட்டு கிடையாது. வெட்டாவிட்டால் நாணல் ஆளுயரம் நிற்கும், அதன் நிழலில் பால்செடி சாகும். அப்புறம் பூச்சி திரும்பி வந்தாலும் முட்டையிட இடமிருக்காது. எண்ணுவதற்கும் ஆள் தேவைப்படாது.

ஜூலை இரண்டாம் தேதி, நடைவழியின் ஆறாம் பிரிவில், சதுப்பு முட்செடியின் ஊதாப் பூவில் ஒன்று உட்கார்ந்திருந்தது.

லோர்னா மூச்சுவிடாமல் நின்றாள். பூச்சி பூவில் நிலைகொள்ளாமல் இறகைப் படபடத்துக்கொண்டே தேன் குடித்தது. வாலழகிகள் அப்படித்தான் குடிக்கும். கைபேசியில் நான்கு படம் எடுத்தாள். நான்காவதுதான் தெளிவாக விழுந்தது. மீதிப் பிரிவுகளை எப்படி நடந்தாள் என்பது அவளுக்கு நினைவில்லை.

வீட்டுக்கு வந்து தேநீர் ஊற்றிவிட்டு, படத்தைப் பெரிதாக்கினாள். சந்தோஷத்துக்காகத்தான் பார்த்தாள், சோதிக்க அல்ல. ஆனால் கண் பழகிய இடத்துக்கே போனது. பின்னிறகின் ஓரத்தில் ஓடும் கறுப்புப் பட்டை நார்ஃபோக் பூச்சிக்கு அகலமாக இருக்கும். உள்ளே பரவி, இறகின் நடுக்கட்டத்தைத் தொட வரும். நரம்புகளும் மைபோட்டு இழுத்தது போலத் தடித்திருக்கும். இதில் பட்டை ஒல்லியாக இருந்தது. அதற்கும் நடுக்கட்டத்துக்கும் இடையில் மஞ்சள் தாராளமாகக் கிடந்தது. பிரான்சிலும் ஜெர்மனியிலும் காரட் தோட்டத்தில் பறக்கிற ஜாதி.

தேநீர் ஆறிப்போனது. அறக்கட்டளைக்கு அனுப்பும் படிவத்தில் வாலழகிக்கு, எந்த ஜாதியானாலும், ஒரே ஒரு கட்டம். ஒன்று என்று எழுதலாம். படம் அனுப்பச் சொல்லி யாரும் கேட்பதில்லை. எழுதினால் வெட்டு நடக்கும், பால்செடி பிழைக்கும், என்றாவது அசல் பூச்சி வரலாம். பொய் என்றாலும் சதுப்புக்கு நல்ல பொய். இதற்குள் மூன்று முறை பேனாவை எடுத்து வைத்துவிட்டாள்.

கதவைத் தட்டாமல் பின்வாசல் வழியாக மெர்வின் அட்டிங் வந்தார். கால்வாய்க்கு அக்கரை வீடு. படகுத்துறையில் நாற்பது வருஷம் தச்சு வேலை பார்த்தவர், மனைவியை இழந்தவர், லோர்னாவைவிட ஆறு வயது மூத்தவர். கையில் ஒரு கிண்ணம் ஸ்ட்ராபெரி.

"என்ன அம்மணி, மூஞ்சி உப்புத்தண்ணியில ஊறின மாதிரி இருக்கு? இன்னைக்கு நீ சிரிச்சுக்கிட்டு இருப்பேன்னுல்ல வந்தேன்."

"இன்னைக்கு எதுக்குச் சிரிக்கணும்?"

"சும்மா சொன்னேன். வெயில் நல்லா அடிச்சுதே. ஏதாச்சும்... தட்டுப்படலையா?"

லோர்னா பேனாவைக் கீழே வைத்தாள். யாரிடமும் அவள் இன்னும் சொல்லவில்லை.

"மெர்வின். என்ன பண்ணின?"

"நான் என்ன பண்ணினேன்? ஸ்ட்ராபெரி பறிச்சேன்."

"உன் தோட்டத்துல புதுசா சோம்புச் செடி நிக்குது. மே மாசத்துல இருந்து பார்க்கிறேன். நீ சோம்பு தின்னு நான் பார்த்ததில்லை."

அவர் கிண்ணத்தை மேசைமேல் வைத்தார். உட்காரச் சொல்லாமலே உட்கார்ந்தார்.

"தெற்கே ஒருத்தன் புழுவைத் தபால்ல அனுப்புறான். எட்டு அனுப்பினான். ரெண்டைக் குளவி தூக்கிட்டுப் போச்சு, ரெண்டு கூட்டுக்குள்ளயே செத்துச்சு. மிச்சம் நாலு. போன வாரம் திறந்து விட்டேன். பச்சைப் புழு, கறுப்புக் கோடு, ஆரஞ்சுப் புள்ளி. தொட்டா தலையில ரெண்டு கொம்பு நீட்டி நாறுது பாரு, அப்பப்பா! நம்ம ஊருப் புழு மாதிரியேதான் இருந்துச்சு லோர்னா."

"நம்ம ஊருப் புழு சோம்பா தின்னும்?"

"நான் என்னத்தக் கண்டேன். பசிச்சா தின்னும்னு நினைச்சேன்."

"எழுபது வருஷமா இந்தச் சதுப்புல கிடக்கிற மனுஷன்! ரெக்கையைப் பார்த்தா தெரியாது?"

"எனக்குப் படகு தெரியும். பூச்சி எல்லாம் பூச்சிதான்." ஸ்ட்ராபெரிக் காம்பு ஒன்றைக் கிள்ளியபடி சொன்னார்: "மூணு வருஷமா செவ்வாய்க்கிழமை சாயங்காலம் நீ அந்தப் பலகைப் பாலத்துல தலையைத் தொங்கப்போட்டுட்டு வர்றதை ஜன்னல்ல நின்னு பார்க்கிறேன். எனக்கு வேற வேலையும் இல்லை. ஒரு தடவையாச்சும் நீ நிமிர்ந்து வரட்டுமேன்னு..."

தன்னை ஒருவர் வாராவாரம் பார்த்துக்கொண்டிருந்தார் என்பது அவளுக்குச் செய்தி. வேறொரு நாளாக இருந்தால் அதை வேறுவிதமாக எடுத்துக்கொண்டிருப்பாள்.

"கிண்ணத்தை எடுத்துட்டுப் போ," என்றாள்.

அவர் போன பிறகு கட்டத்தில் பூஜ்யம் எழுதினாள். குறிப்பில், ஆறாம் பிரிவில் ஒன்று, வளர்த்து விடப்பட்டது என்று சேர்த்தாள். யார் விட்டது என்று எழுதவில்லை.

அடுத்த செவ்வாய் பூச்சி எதுவும் இல்லை. ஆனால் ஆறாம் பிரிவில், கோரைக்கு மேலே தலைநீட்டி நின்ற பால்செடிகளில் முட்டைகள் இருந்தன. ஓர் இலைக்கு ஒன்றாக, குண்டூசித் தலை அளவில், புதியவை வெளிர் மஞ்சளாகவும் பழையவை பழுப்பேறியும். முழங்காலிட்டு எண்ணினாள். பதினொன்று.

ஈரம் கால்சட்டையில் ஏறும்வரை அப்படியே இருந்தாள். மெர்வின் விட்ட நாலில் ஒரு பெண் இட்டிருக்கலாம்; காரட் குடும்பத்துச் செடி எதுவானாலும் அந்த ஜாதிக்குப் போதும். அல்லது பக்கத்துச் சதுப்பிலிருந்து அசல் பெண் ஒன்று, அவள் வராத ஏதோ ஒரு நாளில் பறந்து வந்து, பருவம் முடிவதற்குள் இட்டுவிட்டுப் போயிருக்கலாம். மூன்று வருஷமாக அவள் எதற்கு நடந்தாளோ அதுவே இதுவாக இருக்கலாம். முட்டையைப் பார்த்துச் சொல்ல முடியாது. புழுவைப் பார்த்தும் அவளால் சொல்ல முடியாது. அந்த நாலு பூச்சிகளை விடாமல் இருந்திருந்தால், இந்தப் பதினொன்றும் சந்தேகமில்லாமல் நார்ஃபோக்குடையவை.

கிள்ளி எறிய விரல் நீண்டது. அந்நிய ஜாதி என்றால் அதுதான் சரி. ஓர் இலையைப் பிடித்தாள், விட்டாள்.

அன்று மாலை அறக்கட்டளையில் பிப்பா என்ற பெண்ணைத் தொலைபேசியில் கூப்பிட்டாள். எல்லாவற்றையும் சொன்னாள்.

"அய்யோ லோர்னா, எனக்கே அழுகை வருது," என்றாள் பிப்பா. "முட்டை மட்டும் இருந்தாலே கணக்குல எடுத்திருப்போம், தெரியுமா? வளர்த்து விட்டது எதுவும் இல்லைன்னா. இப்ப எப்படி எடுக்கிறது?"

"எடுக்க முடியாது."

"நீங்க சொல்லாம இருந்திருந்தா..." என்று தொடங்கியவள் நிறுத்திக்கொண்டாள். "மன்னிச்சுக்கோங்க. இந்த வருஷம் வெட்டு மெஷினை வேற இடத்துக்கு அனுப்புறோம்."

மறுநாள் காலை மெர்வின் கால்வாய்க்கு அந்தப் பக்கம் தோணியில் நின்று கூப்பிட்டார். சோம்புச் செடியை வேரோடு பிடுங்கித் தோணியில் கிடத்தியிருந்தார், சாட்சிக்குப் போல.

"முட்டை இருக்காமே? கடையில சொன்னாங்க. என்னுதா, அசலா?"

"தெரியாது. அடுத்த ஜூன்ல கூட்டைவிட்டு வந்தப்புறம் ரெக்கையைப் பார்த்தாத்தான் தெரியும்."

"அதுவரைக்கும் நான் என்ன செய்ய? வலை எடுத்துட்டு வரவா? மிச்சப் பூச்சியைப் பிடிச்சிரலாம். நாணல் வெட்டணும்னா வெட்டித் தர்றேன். சொல்லு."

"அதுவரைக்கும் நீ இந்தப் பக்கம் வராதே."

"ஜூன் வரைக்குமா?"

"ஜூன் வரைக்கும்."

"அடி ஆத்தா, பூச்சியைவிட நீ கூட்டுக்குள்ள அதிக நாள் இருப்ப போல," என்றார். அவள் சிரிக்கவில்லை. அவர் துடுப்பை எடுத்துக்கொண்டு திரும்பிப் போனார்.

பதினொன்றில் ஒன்பது பொரித்தன. முதலில் பறவை எச்சம் போலக் கறுப்பு வெள்ளையாக, பிறகு பச்சையாக. சிலந்தி சிலவற்றை எடுத்தது, குருவி சிலவற்றை எடுத்தது. ஆகஸ்டு கடைசியில் மூன்று புழுக்கள் செடியை விட்டு இறங்கின; அவற்றில் இரண்டை அவள் கண்டுபிடித்தாள், நாணல் தண்டின் அடியில், இடுப்பில் ஒரு நூலைக் கட்டிச் சாய்ந்திருந்த இரண்டு பழுப்புக் கூடுகள். அவற்றைச் சுற்றி ஓர் அறை அளவுக்குக் கோரையையும் நாணலையும் கையரிவாளால் வெட்டினாள். மூன்று நாள் ஆனது. கோரை விளிம்பு மணிக்கட்டைக் கீறியது. சதுப்பின் மற்ற இடமெல்லாம் செப்டம்பரில் அவள் தலைக்கு மேலே எழும்பிவிட்டது. உள்ளே நின்றால் ஆற்றில் போகும் படகுகளின் சத்தம் மட்டும் கேட்கும், படகு தெரியாது.

ஒவ்வொரு நாளும் வெட்டும்போது காதைக் கால்வாய்ப் பக்கமே வைத்திருந்தாள். சொன்ன இரண்டு நாளில் மெர்வின் வந்துவிடுவார், கிண்ணத்தோடு, ஏதாவது கிண்டலோடு, என்றுதான் எதிர்பார்த்திருந்தாள். வராதே என்று சொல்வதும் அதைக் கேட்காமல் வருவதும்தான் அவர்களுக்குள் வழக்கம். ஆனால் அவளுடைய பூச்சிக் கணக்கைப் பாழாக்கிய மனுஷன், இந்த ஒரு விஷயத்தில் ஒழுங்காக இருப்பது என்று முடிவு செய்துவிட்டார். செப்டம்பர் போனது, அக்டோபர் போனது. சொன்ன சொல்லைக் காப்பாற்றினார், வரவே இல்லை.