ரேஞ்சருக்கு வைத்த கணப்பு

முப்பத்தெட்டாம் வருஷத்து மார்கழிச் சாரலில் தொப்பலாக நனைந்து வத்தல்மலை ஏறி வந்த ரேஞ்சர் சவுரியப்பனுக்கு உதடு நீலம் பாரித்திருந்தது. அந்த உதட்டிலிருந்து நல்ல வார்த்தை வராது என்று ராமக்காவுக்குத் தெரிந்துவிட்டது. அவளுடைய ஐந்து வெள்ளாடுகளும் சர்க்கார் காட்டுக்குள் மேய்ந்து பிடிபட்டு, வாசலில் கட்டிக் கிடந்தன. பக்கத்திலேயே ஃபாரஸ்ட் கார்டு காவல் நின்றான்.

"அஞ்சையும் பவுண்டுப் பட்டியில அடைக்கப் போறேன். இந்தாளு மூஞ்சியே திருட்டு மூஞ்சி!" என்று அவள் புருஷன் மல்லையனைக் காட்டிக் கத்தினார் ரேஞ்சர்.

"அடைங்க சாமி. மொதல்ல வூட்டுக்குள்ள வந்து குளிர் காயுங்க. இப்பிடி நடுங்குறீங்களே," என்றாள் ராமக்கா.

அடுப்போரம் உட்காரவைத்து, கொதிக்கக் கொதிக்கக் கொள்ளு ரசம் கொடுத்தாள். ரேஞ்சர் கிண்ணத்தை இரண்டு கையாலும் பொத்திப் பிடித்துக்கொண்டார். பாதி குடித்ததும் மல்லையனை ஏறிட்டுப் பார்த்தார்.

"பார்த்தா பாவமாத்தான் இருக்கற. ஆடு வாயில்லாச் சீவன். அதுக்கு எல்லைக்கல்லு எங்க தெரியும்?"

மல்லையனுக்கு ஒன்றும் புரியவில்லை. நெருப்புதான் வேலை செய்கிறது என்பது மட்டும் பிடிபட்டது. ஒரு கை விறகை அள்ளி அடுப்பில் திணித்தான். குடிசை தகித்தது. ரேஞ்சர் சட்டைப் பொத்தானைக் கழற்றினார். நெற்றியில் வேர்வை துளிர்த்தது.

"ஆனா ஒண்ணு, சட்டம் சட்டந்தான்! போன வருசமும் நீதான மாட்டுன?"

ராமக்கா புருஷனை முறைத்தாள். விறகை வெளியே இழுத்துத் தண்ணீர் தெளித்தாள். அது போதாதென்று வாசல் படலையும் திறந்தாள். மலைக்காற்று சுருக்கென்று உள்ளே பாய்ந்தது.

"ஒரு மாசம் ஜெயில்லயும் போடலாம்!" என்றார் ரேஞ்சர், பல் கிடுகிடுக்க.

அவசரமாகப் படலைச் சாத்தி, ஒரேயொரு சுள்ளியை வைத்தாள். சோற்றுக்குப் பதம் பார்ப்பவளைப்போல அவர் முகத்தையே பார்த்திருந்துவிட்டு, இன்னொன்று வைத்தாள். ரேஞ்சரின் தோள் தளர்ந்தது. கால் நீண்டது.

"ஏம்மா, இன்னுங் கொஞ்சம் ரசம் இருக்குமா?"

"இருக்குதுங்க சாமி. ஆடுங்க..."

"அதுங்கள ஏன் கட்டிப் போட்டிருக்கான்? அவுத்துவிடச் சொல்லு."

மல்லையன் சந்தோஷத்தில் மறுபடி விறகை எடுத்தான். ராமக்கா அதைப் பிடுங்கிக் கீழே போட்டு, அதன்மேலேயே உட்கார்ந்துகொண்டாள்.

ரேஞ்சர் கார்டைக் கூட்டிக்கொண்டு கிளம்பும்போது சாரல் விட்டு, சுள்ளென்று வெயில் அடித்தது. ராமக்கா மல்லையன் காதில் கிசுகிசுத்தாள்.

"சீக்கிரம் ஆட்ட ஓட்டிக்கிட்டுப் போய்யா. மலை எறங்கறதுக்குள்ள அவருக்கு வேர்த்துரும்!"

மல்லையன் கயிற்றை அவிழ்த்தான். ஐந்து ஆடுகளும் அவனுக்கு முன்னால் துள்ளி ஓடின, நேராகச் சர்க்கார் காட்டைப் பார்த்து.