போகாத பதினொரு கோல்

செத்துப்போன புருசன் றொகான் அண்ணையின்ரை போனை ஜெசிதா அக்கா கொண்டுவந்து, நான் போன் திருத்திற கடை மேசையிலை வைச்சா. குருநகர்க் கரைக்கு அவற்றை வள்ளம் ஆளில்லாமல் வந்து, மூண்டாம் நாள் உடம்பும் வந்து, எல்லாம் அடக்கி முடிஞ்சுது. போன் மட்டும் வள்ளத்துக்கை ஒரு ஷொப்பிங் பையுக்கை கட்டினபடி நனையாமல் இருந்ததாம்.

"தம்பி, லொக்கை எடுத்துத் தா. அண்டைக்கு விடியப்புறம் என்னோடை சண்டை பிடிச்சுப்போட்டுப் போனவர். எஞ்சின் நிண்டிருக்கு, கையிலை போன் இருந்திருக்கு. எனக்கு ஒரு கோல் எடுக்கேல்லை. அவ்வளவு கோவமோ எண்டு பாக்கவேணும்."

லொக் எடுக்கிறது பெரிய வேலையில்லை. உது எட்டு வருசப் பழைய போன். கொம்பனி போட்ட பூட்டைப் போன தை மாசம் உடைச்சு வைச்சதே நான்தான். தமிழ் எழுத்தெல்லாம் பெட்டி பெட்டியாத் தெரியுது எண்டு அண்ணை வந்தார். வேறை நாட்டுக்கு விட்ட சொப்ட்வெயாரை இன்ரநெற்றிலை இருந்து இறக்கிப் போனிலை ஏத்திவிட்டன். தமிழ் பளிச்செண்டு வந்தது. அதோடை சிக்னல் பிடிக்கிற பகுதியும் மாறிப்போச்சு. கவனிக்கேல்லை எண்டு சொன்னால் பொய். கடைக்குள்ளையே ரெண்டு கோடு குறைஞ்சதைக் கண்டனான். ரவுணுக்கை பாவிக்க உது காணும் எண்டு விட்டிட்டன். மடையன்! அந்தாள் ரவுணுக்கையே தொழில் செய்தது? மற்ற வள்ளக்காரற்றை போன் வேலைசெய்யிற கடலிலை அவற்றை போன் செத்துக் கிடந்திருக்கு.

கேபிளைக் குத்தி லொக்கைத் தூக்கினன். கோல் லிஸ்ற் முழுக்க ஜெசி, ஜெசி எண்டு கிடந்தது. பதினொரு தரம். ஒண்டும் போகேல்லை. முதலாவது விடிய ஆறு பத்துக்கு, கடைசி மத்தியானம் ஒண்டு இருவதுக்கு.

போனைத் திருப்பிக் காட்டினன். அக்கா விரலாலை ஒவ்வொண்டாத் தொட்டுப் பாத்தா. பிறகு மேசையிலை தலையை வைச்சு அழுதா.

"கோவமில்லையடா தம்பி! என்னைத்தான் கூப்பிட்டிருக்கிறார். நீ நல்லாயிருப்பாய்."

நான் கேபிளைக் கழட்டிச் சுத்தினன். 

கண்ணைத் துடைச்சுப்போட்டுத் தன்ரை பழைய போனை நீட்டினா.

"என்ரை தம்பி டினேஸ் நாளைக்கு அந்த வள்ளத்திலை போறான். இதை அவனுக்குக் குடுக்கப்போறன். அவருக்குப் போட்டமாதிரித் தமிழ் போட்டுத் தா."

"ஏலாது அக்கா."

"ஏன்ரா?"

அந்தச் சொப்ட்வெயார் போட்டாக் கடலிலை சிக்னல் பிடியாது எண்டு சொன்னன். ரெண்டு கோடு குறைஞ்சதைக் கண்டும் பேசாமல் விட்டதையும் சொன்னன்.

கத்துவா, கன்னத்திலை அறைவா எண்டு நிண்டன். அவ கத்தேல்லை. அண்ணையின்ரை போனை எடுத்துத் திரும்பவும் அந்தக் கடைசி நேரத்தைப் பாத்தா.

"ஒண்டு இருவது வரைக்கும் உயிரோடை இருந்திருக்கிறார்," எண்டா. "நான் அண்டைக்கு முழுக்கப் போனைக் கையிலை வைச்சுக்கொண்டுதானடா இருந்தனான்."